மரத்தளத்தில் சாமான் பரப்ப வேண்டாம்

காரைக்குடி,
கார்த்திகை 14, ஞாயிற்றுக்கிழமை.

மெய்யப்பனுக்கு உன்னைப் பெற்ற அப்பச்சி எழுதுவது. எனக்குச் சர்க்கரை ஒழுங்காக இருக்கிறது, முழங்கால் ஒழுங்காக இல்லை, உன் ஆத்தா சுகமாகவும் கோபமாகவும் இருக்கிறாள். மூன்றும் நீ அறிந்தவையே ஆதலால் எழுத வந்ததற்கு நேரே வருகிறேன். வருகிற தை பதினான்காம் தேதி, புதன்கிழமை, உன் மகள் மீனாளுக்கு நம் வீட்டில் கல்யாணம். அன்று காலை, பின்கட்டில் நீ புதிதாகக் கட்டியிருக்கும் மரத்தளத்தின் மேல் பெண்ணுக்குக் கொடுக்கும் சாமான்களை எல்லாம் பரப்பி வைக்கவும், தாலி கட்டும் திருப்பூட்டு முடிந்ததும் இரு வீட்டாரையும் அதே தளத்தில் நிறுத்திப் படம் எடுக்கவும் ஏற்பாடு செய்திருக்கிறாய். தளம் இப்போது இருக்கிற நிலையில் அதற்கு நான் சம்மதிக்க மாட்டேன். இதைத் தொலைபேசியில் உன்னிடம் சொன்னேன். நேரில் சொன்னேன். நீ இரண்டு முறையும் "பாக்கலாம் அப்பச்சி" என்றாய். பார்க்கலாம் என்பது நம் வீட்டில் இல்லை என்பதற்கு மரியாதையான சொல் என்று எனக்குத் தெரியும். அதை உனக்குக் கற்றுக் கொடுத்தவனே நான்தான்.

இதை உனக்கு மட்டும் அனுப்பாமல் பங்காளிகள் எல்லாரும் இருக்கும் வாட்ஸாப் குழுவிலும் போடச் சொல்லியிருப்பதற்குக் காரணம் உண்டு. முந்தாநாள், வெள்ளிக்கிழமை காலை, அந்தக் குழுவில் நீ, மரத்தளத்துக்கு நீ வைத்த பெயரில், "அப்பச்சிக்கு இப்ப டெக் பயம் வந்திருச்சு, யாராச்சும் பேசிப் பாருங்க" என்று எழுதினாய். அதன் கீழே சிரிக்கும் முகங்கள் வரிசையாக வந்தன. உன் சித்தப்பா மகன், "பெரியப்பச்சி, கவலைப்படாதீக, நாங்க எல்லாரும் கல்யாணம் வரைக்கும் பட்டினி கெடந்து ஒல்லியா வாரோம்" என்று எழுதினான். நானும் சிரித்தேன். பிறகு யோசித்துப் பார்த்தேன். சிரித்த அத்தனை பேரும் தை பதினான்காம் தேதி அந்தப் பலகையின் மேல் நிற்கப் போகிறவர்கள். தங்கள் காலடியில் என்ன இருக்கிறது என்று அறிந்துகொள்ளும் உரிமை அவர்களுக்கு இருக்கிறது. எனவே இந்தக் கடிதம் உனக்கு. ஆனால் அவர்களும் படிக்கலாம்.

முதலில் உனக்கு நியாயம் செய்துவிடுகிறேன். பூட்டிக் கிடந்த வீட்டை நீ திறந்தாய். ஆண்டுக்கு ஒரு முறை வந்து தூசி தட்டிவிட்டுப் போகிற வீடாக இருந்ததை, வெளியூர்க்காரர்களும் வெளிநாட்டுக்காரர்களும் வந்து தங்கிச் சாப்பிட்டுப் போகிற வீடாக மாற்றினாய். பத்து அறைகளிலும் விளக்கு எரிகிறது. பின்கட்டில் வெயிலுக்குத் திறந்து கிடந்த இடத்தில் கீழே சாப்பாட்டுக் கூடமும் மேலே தோட்டத்தைப் பார்த்து மரத்தளமும் போட்டது நல்ல யோசனை. பிள்ளையார்பட்டிக்குப் போய்விட்டு வருகிறவர்கள் மாலையில் அங்கே உட்கார்ந்து காப்பி குடிப்பதை நானே பார்த்திருக்கிறேன். வரைபடம் போட்ட சென்னைப் பையன் மேலும் எனக்குக் குறை இல்லை. ஏழெட்டு மேசையும் நாற்காலியும் போட்டு ஆட்கள் அமர்ந்திருக்க ஒரு தளம் வேண்டும் என்று நீ கேட்டாய்; அவன் அதற்கு வரைந்தான். அவனிடம் நீ கல்யாணத்தைப் பற்றிச் சொல்லவில்லை. அப்போது மீனாளுக்கு வரன் அமைந்திருக்கவில்லை. யார் மேலும் பழி இல்லை. காப்பி குடிக்கப் போட்ட தளம் கல்யாணத்தைத் தாங்குமா என்பது மட்டுமே கேள்வி.

தாங்காது என்று நான் சொன்னபோது நீ சொன்ன முதல் பதில், "பர்மாத் தேக்கு அப்பச்சி, யானையைக் கட்டலாம்" என்பது. நம் ஊரில் யாரைக் கேட்டாலும் இதைத்தான் சொல்வார்கள். பர்மாத் தேக்கு என்றதும் நமக்கு நெஞ்சு நிமிர்ந்துவிடுகிறது. கண்ணை மூடிக்கொண்டு எதையும் அதன் மேல் ஏற்றிவிடுகிறோம். மரம் நல்ல மரம்தான், மறுக்கவில்லை. ஆனால் அது எங்கிருந்து வந்தது என்று நினைத்துப் பார். பழைய சாமான் கடையில், இடித்த வீடு ஒன்றின் நிலைகளையும் உத்தரங்களையும் நீ வாங்கினாய். அந்தச் சட்டங்களில் பழைய பொருத்துத் துளைகள் இருக்கின்றன, ஆணி பிடுங்கிய குழிகள் இருக்கின்றன, ஒன்றில் தாழ்ப்பாள் விழுந்த பள்ளம்கூட இருக்கிறது. மெருகு போட்டு அடைத்ததால் கண்ணுக்குத் தெரிவதில்லை. எட்டு அங்குல அகலச் சட்டத்தில் நடுவே இரண்டு அங்குலத் துளை விழுந்திருந்தால் அந்த இடத்தில் அது எட்டு அங்குலச் சட்டம் இல்லை. மரத்தின் சாதியைக் கேட்டுப் பாரம் ஏற்றக் கூடாது. பாரம் ஏறும் இடத்தில் எவ்வளவு மரம் மிச்சம் இருக்கிறது என்று பார்த்துத்தான் ஏற்ற வேண்டும்.

அதைவிடப் பெரிய பிழை சட்டங்களைப் பொருத்திய விதத்தில் இருக்கிறது. எட்டு அங்குல அகலமும் மூன்று அங்குலக் கனமும் உள்ள சட்டங்கள் அவை. தச்சர் அவற்றைக் குத்தாக, மூன்று அங்குல ஓரம் கீழே வரும்படி நிறுத்தத்தான் முதலில் எடுத்தார். கீழே சாப்பிடுகிறவர்கள் அண்ணாந்து பார்த்தால் தேக்கின் ரேகை அகலமாகத் தெரிய வேண்டும் என்று சொல்லி, நீ அவற்றைப் படுக்கப் போடச் சொன்னாய். ஆவணி இரண்டாம் தேதி, திங்கட்கிழமை, நான் அப்போதே கேட்டேன். "அழகா இருக்குல்ல" என்றாய். அழகாகத்தான் இருக்கிறது. மர அடிக்கோல் ஒன்றை எடுத்துப் படுக்கையாகப் பிடித்து நடுவில் அழுத்திப் பார், வளைந்து கொடுக்கும். அதையே ஓரமாக நிறுத்தி அழுத்து, விரல்தான் வலிக்கும். மரம் ஒன்றே, நிற்கிற விதம் வேறு. உன் சட்டங்களின் கணக்கில், குத்தாக நின்றால் தாங்கக்கூடியதில் பாதிகூடப் படுக்கையில் தாங்காது. அதே பாரத்துக்கு ஏழு மடங்கு தொய்யும். நான் முப்பத்து மூன்று ஆண்டு அரசுப் பொறியாளனாகப் பாலத்துக்குச் சாரம் கட்டிப் பிழைத்தவன். இது என் அபிப்பிராயம் இல்லை. மீனாளே கல்லூரியில் படித்த பாடம், அவளைக் கேள்.

அவளிடம் நானே கேட்டேன். பெங்களூரிலிருந்து பேசினாள். "ஐயா, நீங்க சொல்றது சரிதான். ஆனா என் கல்யாணத்துக்கு வாசல்ல தராசு வச்சு, ஆள ஆளா நிறுத்துத்தான் மேல விடுவீகளா? டிக்கெட் அடிச்சிரலாமா?" என்றாள். "ஆளை நிறுக்க வேண்டாம் ஆத்தா, ஒன் சாமானை நிறுத்தாப் போதும்" என்றேன். விளையாட்டாகச் சொன்னதுதான். சொன்ன பிறகு, ஏன் நிறுக்கக் கூடாது என்று தோன்றிவிட்டது.

கார்த்திகை ஆறாம் தேதி, சனிக்கிழமை, சாமான் சேர்த்து வைத்திருக்கும் இரட்டைக் கதவு அறையைத் திறந்து நிறுக்கத் தொடங்கினேன். பித்தளை அண்டாக்கள், குடங்கள், தவலைகள், எவர்சில்வர் அடுக்குகள், வெள்ளி, உன் ஆத்தா பிடிவாதமாகச் சேர்த்து வைத்திருக்கும் அம்மியும் ஆட்டுக்கல்லும், கண்ணாடிச் சாமான் பெட்டிகள், மரப் பெட்டகம் என்று ஒன்று விடாமல் தராசில் ஏற்றினேன். உன் ஆத்தா வாசலில் நின்று பார்த்துவிட்டுச் சொன்னது இது: "கல்யாணச் சாமானைப் பழைய பேப்பர்காரன் மாதிரி நிறுக்கிறீகளே, ஊருக்குத் தெரிஞ்சா சிரிப்பாக. அந்த வெள்ளிச் செம்பையாவது விடுங்க, அதுல என்ன பாரம் இருக்கு?" செம்பில் பாரம் இல்லை என்று நானும் ஒப்புக்கொண்டேன், ஆனால் செம்பைப் பார்க்க வருகிறவர்களிடம் இருக்கிறது என்றேன். "அது என்னமோ வாஸ்தவம்தான்," என்றாள், "போன வருசம் பாத்த கல்யாணத்துல வெள்ளிக்கிட்டத்தான் கூட்டம். எவர்சில்வர் பக்கம் ஒரு ஈ கூட இல்ல."

உன் ஆத்தா அறியாமலே கணக்கின் நடு முடிச்சை அவிழ்த்துவிட்டாள். நம் வழக்கத்தில் சாமான் பரப்புவது என்றால் என்ன என்று நினைத்துப் பார். ஒரு பக்கம் சுவர் ஓரமாக அடுக்கடுக்காகப் பாத்திரம் ஏறும். அது நகராத பாரம். காலையில் ஏறினால் மாலை வரைக்கும் அங்கேயே இருக்கும். பிறகு இரண்டு வீட்டு ஆச்சிமார்களும் பார்க்க வருவார்கள். அவர்கள் தளம் முழுவதும் பரவலாக நிற்க மாட்டார்கள். வெள்ளி இருக்கும் மூலையில் தோளோடு தோள் நெருங்கி, குனிந்து, எத்தனை கிளை விளக்கு என்று எண்ணிக்கொண்டு நிற்பார்கள். ஒரு சதுர மீட்டரில் ஐந்து பேர் நிற்பது அங்கே சாதாரணம். அது முடிந்ததும் படக்காரன் வருவான், "எல்லாரும் கைப்பிடிப் பக்கமா வாங்க" என்பான். மொத்தக் கூட்டமும் ஒரே நேரத்தில் ஒரே பக்கம் நகரும். கூட்டம் கூடுகிற தளம் ஒரு சதுர மீட்டருக்கு ஐந்நூறு கிலோ தாங்க வேண்டும் என்று விதி வைத்தவர்கள் நம் கல்யாணத்தைப் பார்த்துவிட்டு வைத்தார்களோ என்று எனக்குச் சந்தேகம்.

உன் இரண்டாவது பதிலையும் மறந்துவிடவில்லை. "தெறப்பு விழாவுக்கு முப்பது பேர் ஏறி நின்னாகளே, என்ன ஆச்சு?" என்று கேட்டாய். திறப்பு விழா ஆவணி பதினைந்தாம் தேதி, ஞாயிற்றுக்கிழமை. (ஆடிக் கடைசி என்று நீ எல்லாரிடமும் சொல்கிறாய்; ஆடியில் நாம் எதையும் திறப்பதில்லை.) முப்பது பேர் ஏறினார்கள், உண்மை. கையில் தட்டோடு தளம் முழுதும் பரவி நின்றார்கள். விதி சொல்லும் பாரத்தில் ஆறில் ஒரு பங்குகூட அன்று அதன் மேல் இல்லை. நேற்று விழவில்லை என்பது நாளைக்கு உத்தரவாதம் ஆகாது. மரம் கல்லைப் போலத் திடீரென்று மனம் மாறுவதில்லை. கொஞ்சம் கொஞ்சமாக இறங்குகிறது, ஒவ்வொரு முறையும் கொஞ்சம் திரும்ப மறுக்கிறது. நடுவிலேயே அடையாளமும் கொடுக்கிறது. அந்த அடையாளத்தைப் பார்த்தவுடன் நாம் என்ன செய்கிறோம் என்பதில்தான் எல்லாம் இருக்கிறது. அதற்கு நம் குடும்பத்திலேயே ஒரு சங்கதி உண்டு. உனக்கு முழுதாகச் சொன்னதில்லை.

கண்டரமாணிக்கத்தில் என் அத்தை வாழ்ந்த வீட்டில், சாமான் அறைக்குள் ஒரு பரண் இருந்தது. பர்மாத் தேக்குத்தான். அந்த வீட்டில் ஒவ்வொரு கல்யாணத்துக்கும் வந்த சாமானில் பாதி அந்தப் பரணில் ஏறும். இறங்கியதாக யாரும் பார்த்ததில்லை. நான் எட்டாம் வகுப்பு படிக்கும்போது, ஐப்பசி விடுமுறைக்கு அங்கே போயிருந்தேன். அறைக் கதவு மூடவில்லை. மேல் ஓரம் நிலையில் உரசியது. "மழைக்கு ஊதிக் கெடக்கு" என்று அத்தையின் மாமனார் தச்சரைக் கூப்பிட்டுக் கதவின் மேல் ஓரத்தை இழைத்து எடுக்கச் சொன்னார். இழைத்ததும் கதவு மூடியது, அனைவருக்கும் திருப்தி. அடுத்த ஆண்டும் உரசியது, அடுத்த ஆண்டும் இழைத்தார்கள். கதவு மழையில் ஊதவில்லை, மெய்யப்பா. பரணின் உத்தரம் தொய்ந்து நிலையின் தலையை அழுத்திக்கொண்டிருந்தது. யாரும் மேலே பார்க்கவில்லை. மூன்றாவது ஆண்டு, மாசி மாதம் ஒரு செவ்வாய்க்கிழமை, அத்தை எண்ணெய்ச் சட்டி எடுக்க உள்ளே போனபோது பரண் இறங்கியது. உயிருக்கு ஒன்றும் இல்லை. வலது பாதம் நொறுங்கியது. அதன் பிறகு அவள் கோல் இல்லாமல் நடந்ததை நான் பார்த்ததில்லை. பார்க்க வந்தவர்கள் எல்லாம் உத்தரத்தைத் தட்டிப் பார்த்து, "இவ்வளவு நல்ல மரம் எப்படிப் போச்சு?" என்று மரத்துக்காக வருத்தப்பட்டுவிட்டுப் போனார்கள். அத்தை படுத்தபடியே சொன்னாள்: "சாமானு கூடுச்சு, கதவு தேஞ்சுச்சு. ஒரு மனுசனாச்சும் தலைய நிமித்திப் பாத்தீகளா? இப்ப வந்து மரத்துக்குத் துக்கம் கேக்குறீக."

இதை நான் உன்னைப் பயமுறுத்த எழுதவில்லை. சென்ற புரட்டாசியில் கீழ்ச் சாப்பாட்டுக் கூடத்தின் கண்ணாடித் தள்ளுகதவு நகராமல் நின்றது. நீ ஆள் வைத்து அதன் மேல் தண்டவாளத்தை அராவச் சொன்னாய். கதவு நகர்ந்தது. உன் முகத்தில் அன்று இருந்த திருப்தியை நான் கண்டரமாணிக்கத்தில் ஒரு முறை பார்த்திருக்கிறேன். அதனால்தான் அன்றிலிருந்து உன்னை நச்சரிக்கிறேன்.

நச்சரித்தால் மட்டும் போதாது என்று, கார்த்திகை எட்டாம் தேதி, திங்கட்கிழமை காலை, நீ சென்னைக்குப் போன பிறகு, தளத்தைச் சோதித்தேன். நீ இருந்தால் விட்டிருக்க மாட்டாய். பெரிய பிளாஸ்டிக் டிரம்களைச் சாமான் வைப்பதாக நீ சொன்ன இடத்தில் வரிசையாக வைத்து, தோட்டத்து மோட்டாரிலிருந்து குழாய் இழுத்துத் தண்ணீர் நிரப்பினேன். ஒரு லிட்டர் ஒரு கிலோ. தண்ணீரைப் போல ஏமாற்றாத எடைக்கல் கிடையாது. சாமானின் எடை எவ்வளவோ அவ்வளவுதான் நிரப்பினேன். ஆட்களுக்காக ஒரு சொட்டும் சேர்க்கவில்லை. நான் கீழேயிருந்து சொல்ல, உன் ஆத்தா படியின் மேல் முனையில் நின்றுகொண்டு குழாயைப் பிடித்தாள். தளத்தில் கால் வைக்க அவளை நான் விடவில்லை. "எழுபது வயசுல மாடியில தண்ணி பிடிச்சு வெளையாடுறோம். பாக்குறவுக நம்மளக் கீழ்ப்பாக்கத்துக்கு அனுப்பப் போறாக" என்று அவள் சொன்னதைப் பக்கத்து வீட்டில் கேட்டுச் சிரித்ததும் உண்மை.

நிரப்புவதற்கு முன் சட்டங்களின் அடியில் ஒரு முனையிலிருந்து மறு முனைக்கு நூல் கட்டியிருந்தேன். நிரப்பியதும் நடுச் சட்டம் நூலுக்குக் கீழே வந்தது. அது எதிர்பார்த்ததே. மறுநாள், செவ்வாய்க்கிழமை காலை, தண்ணீரைத் திறந்துவிட்டுவிட்டுப் பார்த்தேன். பாரம் போன பிறகும் சட்டம் பழைய இடத்துக்குத் திரும்பவில்லை. அதைவிட எனக்குக் கவலை தந்தது சுவர் ஓரம். தளத்தின் ஒரு பக்கத்தைத் தூண்கள் தாங்குகின்றன. மறு பக்கத்தை எதுவும் தாங்கவில்லை, சுவரில் போல்ட் போட்டு மாட்டிய உத்தரத்தில் தொங்குகிறது. அந்தச் சுவர் நம் கொள்ளுப் பாட்டனார் கட்டிய சுண்ணாம்புச் சுவர். மேலே முட்டை வெண்கரு பூசிப் பளபளப்பாக இருக்கிறது. உள்ளே மெல்லிய செங்கலும் சுண்ணாம்பும். கான்கிரீட்டில் கவ்வுகிற போல்ட் அதில் கவ்வாது. சுவருக்கும் உத்தரத்துக்கும் நடுவே ஒரு ரூபாய் நாணயம் நுழைகிற இடைவெளி விழுந்திருக்கிறது. திங்கட்கிழமை காலை அது இல்லை. நாள் தெரியும்படி இரண்டு நாளும் படம் எடுத்து உனக்கு அனுப்பினேன். நீ பார்த்துவிட்டு, "சீலன்ட் அடிச்சா மூடிரும் அப்பச்சி" என்றாய்.

மூடிவிடும். நாணயம் நுழையாது. அதற்குப் பிறகு என்ன என்றுதான் கேட்கிறேன்.

நான் கேட்பது பெரிய காரியம் இல்லை. தளத்தைப் பிரிக்கச் சொல்லவில்லை. சட்டங்களைத் திருப்பிப் போடச் சொன்னால் உன் ரேகை அழகு போய்விடும் என்பதும் தெரியும். நடுவில் குறுக்காக ஓர் உத்தரம், அதன் கீழே மூன்று தூண். சுவர் ஓர உத்தரத்தின் கீழே சுவரை ஒட்டி இன்னும் மூன்று தூண். பாரம் போல்ட்டில் தொங்காமல் தரைக்கு இறங்கிவிடும். நடுவில் உத்தரம் வந்தால் சட்டங்கள் தாண்டுகிற தூரம் பாதியாகிறது. தூரம் பாதியானால் வளைக்கும் விசை கால் பங்காகும். தொய்வு பதினாறில் ஒரு பங்குக்கு வந்துவிடும். சட்டங்கள் படுத்தபடியே கிடக்கட்டும். பெரிய துளை விழுந்த இரண்டு சட்டங்களை மட்டும் மாற்ற வேண்டும். எவை என்று சுண்ணாம்புக்கட்டியால் குறித்து வைத்திருக்கிறேன். தச்சருக்கு நான்கு நாள் வேலை. அவரிடம் நான் பேசிவிட்டேன். நீ சொன்னால் வருவேன் என்கிறார்.

நீ மறுப்பதற்குக் காரணமும் எனக்குத் தெரியும். சாப்பாட்டுக் கூடத்தின் நடுவில் தூண் வந்தால் தோட்டம் மறைகிறது, வலைத்தளத்தில் போட்ட படம் பொய்யாகிவிடும், முன்பதிவு செய்தவர்கள் கேட்பார்கள். இது அற்பமான கவலை இல்லை. உன் தொழில் அது. ஆனால் யோசித்துப் பார். உலகத்தின் மறுகோடியிலிருந்து டிக்கெட் வாங்கி வருகிறவர்கள் நம் வீட்டில் எதைப் பார்க்க வருகிறார்கள்? நடு முற்றத்தைச் சுற்றிய வளவில் நிற்கும் தூண்களைக் கட்டிப்பிடித்துப் படம் எடுத்துக்கொண்டு போகிறார்கள். இத்தனை தூண் இருக்கிற வீட்டில் இன்னும் ஆறு தூணுக்கு இடம் இல்லை என்று சொல்கிற முதல் ஆள் நீதான். வழியில்லை என்றால் மாற்று வழியும் தருகிறேன். சாமானை வளவில் பரப்பு. படத்தை முகப்பில் எடு. நம் வீட்டில் நடந்த அத்தனை கல்யாணத்துக்கும் அப்படித்தான் நடந்தது. கல்லும் மண்ணும் யார் ஏறினாலும் கேள்வி கேட்காது. இரண்டில் ஒன்றைச் செய். இரண்டையும் செய்யாமல் சீலன்ட் அடிப்பது மட்டும் கூடாது.

கார்த்திகை இந்த ஆண்டு இருபத்தொன்பதோடு முடிகிறது. மார்கழி பிறந்துவிட்டால் வீட்டில் தச்சரின் கொட்டாப்புளிச் சத்தம் கேட்கக் கூடாது என்று உன் ஆத்தா சொல்வாள். அதில் அவளை என்னால் அசைக்க முடியாது. தையில் வேலை தொடங்கினால் பந்தக்கால் நடுகிற நேரத்தில் தூணும் நடுவாய். ஆக, தச்சரை அழைக்க உனக்கு இந்த இரண்டு வாரம்தான் இருக்கிறது. பிறகு பார்க்கலாம் என்பதற்கு நாள்காட்டியில் இடம் இல்லை.

அப்படியும் நீ எதுவும் செய்யாவிட்டால் நான் என்ன செய்வேன் என்பதையும் இப்போதே சொல்லிவிடுகிறேன். கல்யாணத்தன்று யாருக்கும் திகைப்பு வேண்டாம். நான் கூச்சல் போட மாட்டேன். சம்பந்தி வீட்டாரிடம் முறையிட மாட்டேன். தை பதினான்காம் தேதி காலை குளித்து, வேட்டி துண்டு உடுத்தி, பின்கட்டில் மரத்தளத்துக்கு ஏறுகிற படியின் முதல் படியில் போய் உட்காருவேன். ஓராள் அகலப் படி அது. என்னைத் தாண்டாமல் ஒரு செம்பும் மேலே போகாது, ஓர் ஆளும் மேலே போக முடியாது. மீனாளுக்குக் கழுத்துருத் தாலி பூட்டுகிற நேரத்தில் மேளம் கெட்டியாகக் கேட்கும், அதிலிருந்து தெரிந்துகொள்வேன். பேத்திக்குத் திருப்பூட்டுவதைக் கண்ணால் பார்க்க வேண்டும் என்றுதான் இந்த முழங்காலையும் சர்க்கரையையும் இத்தனை நாள் இழுத்துக்கொண்டு வந்தேன். பார்க்காமல் போனால் வருத்தம் எனக்குத்தான். ஆனால் பார்த்துவிட்டு, அரை மணி நேரம் கழித்து, அதே பெண்ணையும் மாப்பிள்ளையையும் அந்தப் பலகையின் மேல் நிறுத்திக் கீழே கைகட்டி நிற்க என்னால் ஆகாது.

உன் ஆத்தாவிடம் இதைச் சொன்னேன். பேத்தியின் மணைக்குப் பக்கத்தில் உட்கார வேண்டிய நேரத்தில் இப்படிப் பேசுகிறேனே என்று அழுவாள் என நினைத்தேன். அவள் பாக்கை வெட்டிக்கொண்டே, "நீங்க அங்குட்டுப் போயி உக்காந்தா, நான் மட்டும் இங்குட்டு எதுக்கு? ரெண்டாவது படி எனக்கு. தலகாணி ஒன்னு எடுத்துட்டு வாங்க, மரம் குத்தும்" என்றாள். மீனாளிடமும் நேற்றிரவு பேசினேன். முழுதும் கேட்டுக்கொண்டாள். பிறகு, "மாலையோட அங்கயே வந்து கும்பிட்டுக்கிறோம் ஐயா. மேல ஏற மாட்டேன்" என்றாள். உன் மகளுக்கு உன் பிடிவாதம் வந்திருக்கிறது. யாரிடமிருந்து உனக்கு வந்ததோ, அவனுக்கு அதில் மகிழ்ச்சி.

இதற்கு நீ எனக்குப் பதில் எழுத வேண்டியதில்லை. கார்த்திகை இருபத்தொன்பதாம் தேதிக்குள் தூண் இறங்கினாலும், சாமான் வளவுக்கு என்று நீ குழுவில் ஒரு வரி போட்டாலும் அதுவே பதில். இரண்டும் நடக்காமல் தை பதினான்கு விடிந்தால், முகூர்த்த நேரத்தில் சம்பந்தி உன்னிடம், பெண்ணின் ஐயாவையும் அப்பத்தாவையும் காணோமே என்று கேட்பார். நீ அவருக்குச் சமாதானம் ஒன்றும் சொல்ல வேண்டாம். கையைப் பிடித்து அழைத்து வந்து, படிக்கட்டைக் காட்டு.

உன் அப்பச்சி.